புள்ளத்தாச்சி வீட்டுக் குளவி

வனஜாவைப் பிடிவாதக்காரி என்று எங்கள் ஆவடி குவார்ட்டர்ஸில் முதன்முதலாகச் சொன்னவள் நான்தான். இதில் ஒளிக்க என்ன இருக்கிறது? என் வாய் அப்படி. "ராஜம்மா வாய்க்கு ஃபேக்டரில சொல்லி ஒரு மூடி செய்யணும்" என்று எங்கள் வீட்டுக்காரர் நாலு பேர் நடுவிலேயே சொல்வார். நான் குமணன்சாவடியில் ரோட்டை ஒட்டிய வீட்டில் வளர்ந்தவள். அங்கே மெதுவாகப் பேசினால், ஓடுகிற லாரிச் சத்தத்தில் யார் காதிலும் விழாது.

வனஜா நெமிலிச்சேரிக்காரி. அவள் அப்பா முதலில் அடுத்தவர் நிலத்தில் நாற்று நட்டவர், பிறகு செங்கல் சூளைக்குப் போனவர். அம்மா சின்ன வயதிலேயே போய்விட்டாள். பத்தாவது வரை படித்துவிட்டு, ஃபேக்டரியில் ஃபிட்டராக இருந்த பாஸ்கரனைக் கட்டிக்கொண்டு எண்பத்தொன்றில் எங்கள் பக்கத்து வீட்டுக்கு வந்தாள். இரண்டு வீட்டுக் கொல்லைக்கும் நடுவில் இடுப்புயரச் சுவர் ஒன்றுதான். அவள் வீட்டில் என்ன குழம்பு என்பது கொதிக்கிறதற்கு முன்பே எனக்குத் தெரியும்.

வந்த மறுமாதமே புருஷனுடைய பெரிய சைக்கிளை மைதானத்துக்குத் தள்ளிக்கொண்டு போனாள். "ஐய, பொம்பள சைக்கிள் ஓட்டிகினு இன்னா கலெக்டராவப் போறியா?" என்று கேட்டேன். விழுந்து விழுந்து எழுந்தாள். முழங்கால் இரண்டும் பெயர்ந்தன. ஒன்பதாம் நாள் பட்டாபிராம் மார்க்கெட் வரை ஓட்டிப்போய் முருங்கைக்காய் வாங்கி வந்து, எனக்கும் சுவருக்கு மேலாக நாலு கொடுத்தாள். அன்றைக்குத்தான் பிடிவாதக்காரி என்று சொன்னேன். ருசியான காய், அதையும் சொல்ல வேண்டும்.

எண்பத்து மூன்றில் அவளுக்கு நாள் தள்ளிப்போயிற்று. அந்தச் சமயம் அவள் தையல் மிஷினின் அடியில் மண் குளவி ஒன்று கூடு கட்டியிருந்தது. சுத்தக்காரி அவள். கத்தியை எடுத்துச் சுரண்டி வாரிக் கொட்டிவிட்டாள். பத்தாம் நாள் கரு கலைந்தது.

எங்கள் பக்கத்தில் ஒரு வழக்கம் உண்டு. புள்ளத்தாச்சி இருக்கிற வீட்டில் குளவி கூடு கட்டினால், அந்தப் பிள்ளை நல்லபடியாக நிற்கும் என்பார்கள். அந்தக் கூட்டைக் கலைத்தால் கருவும் கலையும், கலைத்த கைக்கும் பிள்ளை தங்காது, இருக்கிற பிள்ளைக்கும் ஆகாது என்பார்கள். என் அம்மா சொன்னது, அவள் அம்மா சொன்னது. நான் அதை நம்புகிறவள்.

அவள் ஆஸ்பத்திரியிலிருந்து வந்து நாலு நாள் கழித்துத் தெருக்குழாயடியில் குடத்தோடு நின்றாள். முகம் வெளுத்திருந்தது. பத்துப் பெண்கள் வரிசையில் இருந்தார்கள். என் வாய் சும்மா இருந்ததா? "கொளவிக் கூட்டக் கலைச்சவ வயித்துல புள்ள எப்டி நிக்கும்?" என்று பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னேன். அவளிடம்தான் சொன்னேன், ஆனால் குமணன்சாவடிக் குரல். வனஜா குடத்தைத் தூக்கிக்கொண்டு போனாள். பாதிதான் நிரம்பியிருந்தது. எனக்கு அது பெரிதாகவும் தோன்றவில்லை. ஊரில் எல்லாரும் சொல்வதைத்தானே சொன்னேன் என்று இருந்துவிட்டேன்.

எண்பத்தைந்தில் இரண்டாவதும் கலைந்தது. அப்போது அவள் வீட்டில் எந்தக் கூடும் இல்லை, எதையும் அவள் கலைக்கவும் இல்லை. அது என் மண்டைக்கு அன்றைக்கு உறைக்கவில்லை.

மறுவருஷம் கொல்லையில் துணி எடுக்கும்போது ஒரே ஒரு குளவி அவளைக் கொட்டியது. எனக்கும் எத்தனையோ தடவை கொட்டியிருக்கிறது. சுண்ணாம்பைத் தடவிவிட்டு வேலையைப் பார்ப்பேன். அவளுக்கு அப்படியில்லை. கண்ணும் உதடும் கால் மணி நேரத்தில் வீங்கிப்போயின. தொண்டையில் விசில் மாதிரி மூச்சு இழுத்தது. ஃபேக்டரி ஆஸ்பத்திரி வண்டி வந்து தூக்கிக்கொண்டு போனது. டாக்டரம்மா பாஸ்கரனைக் கூப்பிட்டு, "இவங்க உடம்புக்கு குளவி விஷம் ஆகாது. அடுத்த தடவை உயிருக்கே ஆபத்தாகலாம். குளவி இருக்கிற பக்கமே விடாதீங்க" என்று சொல்லி அனுப்பினார். நானும் பக்கத்தில் நின்று கேட்டேன்.

எண்பத்தெட்டு சித்திரையில் மூன்றாவது நின்றது தெரிந்தது. "இரண்டு போயிருக்கு. பஸ், ரயில் ஏறக் கூடாது. கனம் தூக்கக் கூடாது. பெரும்பாலும் படுத்தே இருக்கணும்" என்றார் அதே டாக்டரம்மா. போக வேறு வீடும் இல்லை. நெமிலிச்சேரியில் அவள் அண்ணன் வீட்டில் ஒரே அறையில் ஏழு பேர். ஆக, அந்த வீடும் கட்டிலும்தான் அவளுக்குக் கதி என்று ஆயிற்று.

ஆனி மாசம் அவள் வீட்டுச் சமையலறை ஜன்னலுக்கு மேலே, சன்ஷேடின் அடியில் குளவி வந்து உட்கார்ந்தது. மண் குளவி இல்லை. மஞ்சள் பட்டை போட்ட கொட்டுகிற ஜாதி. காகிதம் மாதிரி சாம்பல் நிறத்தில் எலுமிச்சம்பழம் அளவுக்குத் தொங்கியது, ஆடி பிறப்பதற்குள் விரித்த இரண்டு கை அளவுக்கு வளர்ந்துவிட்டது. எங்கள் குவார்ட்டர்ஸில் எல்லா ஜில்லாக்காரர்களும் உண்டு. திருநெல்வேலிக்காரம்மா அதைக் கதண்டு என்றாள், தருமபுரிக்காரம்மா கடந்தை என்றாள், நான் கொளவி என்றேன். பேர்தான் வேறு. புள்ளத்தாச்சி வீட்டில் அதைத் தொடாதே என்பதில் மட்டும் ஊருக்கு ஊர் மாற்றமில்லை.

வனஜா ஒருத்திதான் எடுத்தாக வேண்டும் என்றாள். முதலில் புருஷனிடம் சொன்னாள். பாஸ்கரன் தங்கமான பையன். அவன் அன்றைக்கு அழுதது சுவரைத் தாண்டி எனக்குக் கேட்டது. "ரெண்டு பூடுச்சி வனஜா. மூணாவதும் போனா என் கையாலதான் போச்சின்னு ஆவும். அத்த மட்டும் என்னாண்ட கேக்காத."

"கொளவி கொட்டி நா பூட்டா?" என்றாள்.

"கதவ ஜன்னல சாத்திக்கோ. கொஞ்ச நாள்தான?"

ஆடிப் புழுக்கத்தில் கதவு ஜன்னலைச் சாத்திக்கொண்டு படுத்துக் கிடந்தால் தெரியும் அவனுக்கு. அவள் அதோடு விடவில்லை. குவார்ட்டர்ஸ் மராமத்து ஆபீசில் புகார் நோட்டு ஒன்று உண்டு. அடைப்பு, ஒழுக்கு, கதவு உடைசல் எல்லாம் அதில்தான் எழுத வேண்டும். ஒரு தாளில் முத்து முத்தாக எழுதிக் கொடுத்து, பாஸ்கரனையே அதில் ஒட்டிவிட்டு வரச் சொன்னாள். நாலாம் நாள் மராமத்து ஆள் சின்னப்பையன் ஏணியும் மருந்தடிக்கிற பம்ப்பும் எடுத்துக்கொண்டு வந்தார். பேர்தான் சின்னப்பையன், ஆள் ரிட்டையராகிற வயசு. ஏணியைச் சாத்தி இரண்டு படி ஏறினார். வாசல்படியில் நின்ற வனஜாவின் வயிற்றைப் பார்த்தார். அப்படியே இறங்கிவிட்டார்.

"இன்னாம்மா நீ, முழுவாம கீறேன்னு நோட்டுல எழுதவேணாமா? நானும் புள்ளகுட்டிக்காரன்மா."

"அண்ணாத்தே, உங்களுக்கு இதுதான் வேல."

"வேலதான். யாரு இல்லேன்னது? கொழந்த பொறக்கட்டும், மறுநாளே வந்து எடுத்துர்றேன்."

"பொறக்கறதுக்கு நா இருக்கணுமே, அண்ணாத்தே!"

அவர் காதில் அது விழுந்தது. முகம் சுருங்கியது. ஆனாலும் ஏணியைத் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார். பார்த்துக்கொண்டிருந்த நான், "நல்ல மனுசன்" என்று அவருக்கு மோர் கொடுத்து அனுப்பினேன். அந்த மோரை நினைத்தால் இப்போதும் என் மேலேயே எனக்குக் கோபம் வருகிறது.

இதோடு நின்றேனா? வேலியில் போகிற ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொண்டேன். ஆடி இரண்டாம் வெள்ளி, நாலு பெண்களைச் சேர்த்துக்கொண்டு, கூட்டுக்குச் சாம்பிராணி காட்டிவிட்டு வரலாம் என்று கிளம்பினேன். வந்த குளவியைக் கும்பிட்டு, "தாயே, யாரையும் கொட்டாதே, புள்ளையக் காப்பாத்து" என்று வேண்டிக்கொண்டால் அது சாந்தமாக இருக்கும் என்பது என் கணக்கு. மஞ்சள், குங்குமம், பூ எல்லாம் தட்டில் இருந்தது. தூபக்காலில் சாம்பிராணியை அள்ளிப் போட்டேன்.

உள்ளே படுத்திருந்த வனஜாவுக்கு வாசனை போயிற்று. "அக்கா, பொகை காட்டாதீங்க! அதுக்கு வெறி புடிக்கும்!" என்று கத்தினாள்.

"நீ கம்னு படுடி. சாமி காரியத்துல வாய வைக்காத" என்றேன்.

புகை குபுகுபு என்று சன்ஷேடின் அடியில் ஏறியது. அவ்வளவுதான். கூடே கழன்று விழுந்த மாதிரி மொத்தக் குளவியும் இறங்கியது. தட்டு ஒரு பக்கம், தூபக்கால் ஒரு பக்கம். தருமபுரிக்காரம்மா செருப்பை விட்டுவிட்டு ஓடினாள். எனக்குக் கழுத்தில் மூன்று, காதுமடலில் ஒன்று. ஐயோ அம்மா என்று என் வீட்டுக்குள் பாய்ந்து கதவைச் சாத்தின பிறகுதான், வனஜா வீட்டுச் சமையலறை ஜன்னல் அரைக்கதவு திறந்திருந்தது ஞாபகம் வந்தது.

கால் மணி நேரம் கழித்து அடங்கியது. முக்காட்டைப் போர்த்திக்கொண்டு முன்வாசல் வழியாக ஓடினேன். படுக்கையறைக் கதவு சாத்தியிருந்தது. அடியிடுக்கில் போர்வையைத் திணித்திருந்தாள். "வனஜா, வனஜா" என்று தட்டினேன். திறந்தாள். உடம்பெல்லாம் வேர்வை. கையில் மடித்த பேப்பர். அதன் மேல் ஒரு செத்த குளவி.

"கதவ சாத்தறதுக்குள்ள இது கூடவே பூந்துடுச்சிக்கா. கால் மணி நேரம், நானும் இதுவும்தான்." அதை என் முன்னால் தரையில் வைத்தாள். குரல் உயரவில்லை. "இன்னிக்கு ஒண்ணு. நாளைக்கு நாலு வரும். நா இருந்தாத்தானக்கா வயித்துல இருக்கறது இருக்கும்?"

அப்போதும் நான் என்ன சொன்னேன் தெரியுமா? "அம்மன் காப்பாத்துவா. கூட்ட மட்டும் தொட்டுறாதடி" என்றேன். அவள் என்னையே பார்த்தாள். பிறகு போய்ப் படுத்துக்கொண்டாள்.

அடுத்த திங்கட்கிழமை பாஸ்கரனுக்கு நைட் ஷிப்ட். நான் பால் பூத்துக்குப் போக ஐந்து மணிக்கு எழுந்தேன். கிழக்கே லேசாக வெளுக்க ஆரம்பித்திருந்தது. கொல்லையில் தகரம் உரசுகிற சத்தம். சுவருக்கு மேலாக எட்டிப் பார்த்தேன்.

வனஜா நின்றிருந்தாள். பாஸ்கரனுடைய ரெயின்கோட்டைப் போட்டிருந்தாள், வயிற்றின் மேல் மட்டும் பொத்தான் பூட்டவில்லை. தலையிலும் முகத்திலும் கொசுவலைத் துணி. கையில் ஃபேக்டரி கையுறை. கொடிக்கம்பின் நுனியில் பனியன் வேஸ்ட்டை, அதுதான் மிஷின் துடைக்கிற துணியை, பந்து மாதிரி சுருட்டிக் கம்பியால் இறுக்கிக் கட்டியிருந்தாள். கீழே தகர டப்பாவில் மண்ணெண்ணெய், ஒரு வாளி தண்ணீர், பக்கத்தில் ஈரச் சாக்கு. அவ்வளவும் படுத்த படுக்கையில் யோசித்து வைத்தது. விடிகிற குளிரில் குளவி முழுக்கக் கூட்டில்தான் இருக்கும், பறக்காது என்பது வரைக்கும் பார்த்து வைத்திருந்தாள்.

"அடிப்பாவி! வேணாண்டி!" என்றேன்.

"கத்தாதக்கா. எழுந்துக்கும்."

"ஒண்ணு கொட்டினாலும் செத்துருவடி!"

"தெரியும். எடுக்கலன்னாலும் கொட்டும். எல்லார் கையையும் கேட்டுப் பாத்துட்டேன், எல்லாரும் புள்ளகுட்டிக்காரங்க. என் புள்ளைக்கு என் கைதான கீது."

"கலைச்சா கலையும்னு சொல்றாங்களேடி. மொத தபா நடந்தது மறந்துட்டியா?"

கம்பைச் சுவரில் சாத்திவிட்டு அவள் என் பக்கம் வந்தாள். வலைத்துணியைத் தூக்கினாள்.

"மொத தபா கூட்டக் கலைச்சேன், போச்சி. ரெண்டாவது தபா எந்தக் கூட்டக்கா கலைச்சேன்? சொல்லு." தூக்கிய வலைத்துணியை விடாமல் பிடித்திருந்தாள். "கொளவி கொட்டினது நாலு நாள்ல வத்திடுச்சிக்கா. நீ கொழாயாண்ட சொன்னியே, அஞ்சு வருசமாவுது. இன்னும் வத்தல."

எனக்கு வாய்தான் பெரிது, மற்றபடி நெஞ்சில் ஈரம் இல்லாதவள் இல்லை. அந்தச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவள் பாதிக் குடத்தோடு போனது அப்போதுதான் எனக்குக் கண்ணில் தெரிந்தது. அஞ்சு வருஷம் அந்த வார்த்தையைச் சுமந்துகொண்டு தினமும் இந்தச் சுவருக்கு அந்தப் பக்கம் நின்று என்னை அக்கா என்று கூப்பிட்டிருக்கிறாள்.

புடவையைத் தூக்கிச் செருகினேன். நாற்பத்திரண்டு வயசில் சுவரேறிக் குதித்தேன். "கழட்டு" என்றேன்.

"இன்னா?"

"கோட்ட கழட்டுடி. கையுறையும். நீ உள்ள போயி கதவ சாத்து."

"அக்கா, உனக்கு ரெண்டு புள்ளைங்க."

"தெரியும். பெத்தவ நான்தான். போடி உள்ள!"

எனக்கு நம்பிக்கை போய்விட்டது என்று நினைத்துவிடாதீர்கள். போகவில்லை. ரெயின்கோட்டை மாட்டும்போது, சுவருக்கு அந்தப் பக்கம் தூங்குகிற என் இரண்டு பிள்ளைகளின் முகமும் வந்து வந்து போனது. "தாயே, எது வந்தாலும் என் தலையோட போவட்டும். எம் புள்ளைங்களத் தொடாத. அவ புள்ளையயும் தொடாத" என்று வேண்டிக்கொண்டுதான் தீக்குச்சியைக் கிழித்தேன்.

வனஜா படுக்கையறைக்குள் போய் எல்லா இடுக்கையும் அடைத்துவிட்டு, கொல்லைப் பக்க ஜன்னல் கண்ணாடிக்குப் பின்னால் நின்றாள். நின்றவள் சும்மா இருந்தாளா? "எடது பக்கம்க்கா! இன்னும் மேல! ஆட்டாத, அப்டியே புடி!" என்று உள்ளேயிருந்து சூப்பர்வைசர் வேலை. பந்தம் கூட்டைத் தொட்டதும் காகிதம் மாதிரி பற்றியது. இறக்கை கருகிய குளவிகள் பொலபொலவென்று உதிர்ந்தன. நாலைந்து மட்டும் தப்பி வந்து என் முழங்கையிலும் கணுக்காலிலும் பதம் பார்த்தன. எரிகிற துண்டு ஒன்று கையுறைக்கு மேலே விழுந்து, மணிக்கட்டு கொப்பளித்துப் போயிற்று. நான் கம்பை விடவில்லை. கடைசித் துண்டு விழுந்ததும் வாளித் தண்ணீரைக் கொட்டி, ஈரச் சாக்கைப் போட்டு மிதித்தேன்.

சாக்கை எடுத்துப் பார்த்தபோது, கருகாத அடையில் கண்ணுக்குக் கண் வெள்ளைப் புழு. அதுவும் பிள்ளைகள்தான். எனக்குத் துக்கமாக வந்தது, இல்லை என்று சொல்ல மாட்டேன். முருங்கை மரத்தடியில் குழி தோண்டிப் புதைத்துவிட்டு, கை கழுவினேன்.

ஆறரை மணிக்கு ஷிப்ட் முடிந்து சைக்கிளில் வந்த பாஸ்கரன் கரி பிடித்த சன்ஷேடைப் பார்த்தான். சைக்கிளைக் கீழே போட்டுவிட்டான். "யாரு? யாரு செஞ்சது?" என்று கத்தினான்.

"நான்தாண்டா. எதுனா ஆச்சின்னா என்னாண்ட வந்து கேளு" என்றேன்.

அன்றைக்கு என்னவோ வீராப்பாகச் சொல்லிவிட்டேன். அதற்குப் பிறகு எனக்குச் சோறு இறங்கவில்லை. என் சின்னவன் தும்மினாலும் பயம், வனஜா இருமினாலும் பயம். தினமும் விடிந்ததும் விடியாததுமாகச் சுவரோரம் போய் நின்று, "அசையுதாடி?" என்று கேட்பேன். அவள் ஜன்னலைத் திறந்து வைத்துக்கொண்டு காற்று வாங்கியபடி, "அசையுதுக்கா" என்பாள். ஆவணி, புரட்டாசி, ஐப்பசி. ஒரு நாள் தவறவில்லை. ஒருநாள் அவள் பதில் சொல்ல நேரமாகிவிட்டது. நான் சுவரைத் தாண்டிவிட்டேன். அவள் பல் தேய்த்துக்கொண்டிருந்தாள். "இரு, வாயக் கொப்ளிக்க உடு!" என்று சிரித்தாள்.

கார்த்திகை மாசம், பெருமழை பெய்த ஒரு பகல். ஆஸ்பத்திரி வராந்தாவில் பாஸ்கரன் குறுக்கும் நெடுக்கும் நடந்தான். நான் ஒரு மூலையில் உட்கார்ந்திருந்தேன். உள்ளே குழந்தை அழுதது. பெண் குழந்தை, இருவரும் நலம் என்று நர்ஸ் வந்து சொன்னாள். பாஸ்கரன் உள்ளே ஓடினான். நான் மட்டும் போகவில்லை. கூட்டைக் கலைத்த கை. குழந்தை மேல் படலாமா? முந்தானைக்குள் இரண்டு கையையும் சுருட்டி வைத்துக்கொண்டு வாசலிலேயே நின்றேன்.

வனஜா கட்டிலில் சோர்ந்து கிடந்தாள். தலையை மட்டும் திருப்பிப் பார்த்தாள்.

"இன்னாக்கா, இன்னிக்கு கேக்கவே இல்லியே?"

"இன்னாத்த கேக்கறது?"

"தெனம் கேப்பியே."

"அசையுதாடி?" என்றேன். அழுகையில் பாதி வார்த்தைதான் வந்தது.

"எனக்கு இன்னா தெரியும்? நீயே தூக்கிப் பாத்துக்கோ" என்றாள் வனஜா. "பாஸ்கர், அக்கா கையில குடு. மொதல்ல அக்காதான் தூக்கணும்."

பாஸ்கரன் குழந்தையை என் கையில் வைத்தான். அன்றைக்கு நெருப்புக் கொப்பளித்த தழும்பு அந்தக் கையில் இன்னும் மறையாமல் இருந்தது. குழந்தை துணிக்குள்ளிருந்து காலை உதறி, அங்கேயே ஓங்கி ஓர் உதை விட்டது.